கடினம் ஒன்பது

செக்காலைச் சாலையில் மாடியறை.
கீழே கைபேசி உறை விற்கிறார்கள்.
அந்தக் கடைப் பாட்டு படியேறி வந்தால்
என் தராசில் மூன்றாவது தசம இலக்கம் நடுங்கும்.

கரண்ட் வந்த கையோடு
சிகப்பி வந்தாள், பள்ளத்தூர்க்காரி.
மருந்துக் குப்பியில் பஞ்சு, பஞ்சுக்குள் கல்.
"பர்மாச் சிவப்பு. எங்க ஐயா கொண்டாந்தது.
தேவகோட்டை கோர்ட்டுல பதினோரு வருஷமா நடக்குது."
நடப்பது கல்லா வழக்கா என்று நான் கேட்கவில்லை.

அண்ணனுக்கும் இவளுக்கும் பங்கு.
வீட்டைப் பிரித்துச் சுவர் எழுப்பினார்கள்,
வெள்ளிச் சாமான்களை எடை போட்டார்கள்,
ஒற்றையாய் மிஞ்சிய குத்துவிளக்கை விற்றே விட்டார்கள்.
இது மட்டும் பிரியவில்லை.
அறுத்தால் இரண்டு கல் ஆகும், விலை கால்வாசி ஆகும்.
நீதிபதி மதிப்பறிக்கை கேட்டிருக்கிறார்.

ஒளி விலகல் பார்த்தேன்: ஒன்று புள்ளி ஏழு ஆறு.
நீரில் தொங்கவிட்டேன்: தண்ணீரைவிட நான்கு மடங்கு.
படிவத்தில் 'கனிமம்' என்ற கட்டத்தில்
கொரண்டம் என்று தட்டினேன்.

"அப்டின்னா?"

அப்படியென்றால் குருந்தம்.
நம் ஊர்ச் சொல். சாணை பிடித்தவன் வாயிலிருந்து
எவனோ வெள்ளைக்காரன் காதில் விழுந்து
கப்பலேறி, கல்லூரியில் படித்து,
நாக்கு மாறி
என் பாடப்புத்தகத்துக்கு வந்து சேர்ந்தது.
திருச்சி விடுதியில் அதை மனப்பாடம் செய்தேன்,
அயல் பெயர் என்று நினைத்து.
கொண்டுவிற்கப் போனவர்கள் மட்டுமா கடல் தாண்டினார்கள்?

உப்புத்தாளில் ஒட்டியிருக்கும் பழுப்புத் துகளும் குருந்தம்.
சிவந்துவிட்டால் அதுவே மாணிக்கம்.
குருந்து என்று ஒரு மரமும் உண்டு,
முள், வெள்ளைப் பூ, எலுமிச்சை வாசம்.
கல்லுக்கும் மரத்துக்கும் என்ன உறவென்று
அகராதி சொல்வதில்லை.
பேசாத பங்காளிகளைக் கல்யாணப் பந்தியில்
பக்கத்தில் பக்கத்தில் உட்காரவைத்ததுபோல்
அடுத்தடுத்த வரியில் வைத்திருக்கிறது.

"ரொம்பக் கெட்டியோ?"
பத்துக்கு ஒன்பது, என்றேன்.
இதைக் கீறுவதென்றால் வயிரம்தான் வர வேண்டும்.
சட்டென்று சிரித்தாள்.
அண்ணன் பெயர் வயிரவன்.
அது சாமி பெயர், கல்லின் பெயரல்ல, இருவருக்கும் தெரியும்.
வயிரம் என்பதற்கு இன்னொரு பொருளும் உண்டு.
அதை இருவருமே சொல்லவில்லை.

நுண்ணோக்கியில் குனிந்தேன்.
மண்ணில் விளைந்த சிவப்பில் பட்டிழை ஓடும்,
மூன்று திசையில், சாரல்போல் நேராக.
இதில் வளைந்த கோடுகள்,
இசைத்தட்டின் வரிகள்போல்.
நெருப்பிலிருந்து துளித்துளியாய் இறங்கி
ஒரே மதியத்தில் உலையில் பிறந்த கல்.

எப்படிச் சொல்வதென்று மூக்குக்கண்ணாடியைத் துடைத்தேன்.
"செஞ்சதா?" என்று அவளே கேட்டாள்.
செய்ததுதான். ஆனால் குருந்தமேதான்.
அதே கடினம், அதே எடை, அதே பெயர்.
ஐயா ஏமாந்தாரா, ஏமாற்றினாரா,
அது என் கருவியில் தெரியாது.

நெடுநேரம் விசிறியைப் பார்த்தாள்.
அண்ணன் மகள் கல்யாணத்துக்கு இவள் போகவில்லை,
இவள் வீட்டுச் சாவுக்கு அவன் வரவில்லை.
வக்கீல் மகன் டாக்டருக்குப் படித்து முடித்துவிட்டான்.
எல்லாவற்றையும் கீறிவிட்டுத்
தன்மேல் ஒரு கோடும் இல்லாமல்
என் மேசையில் கிடந்தது, இரண்டே முக்கால் காரட்.

"பேரு பொய்யில்லைல்ல?"
இல்லை.
"அப்ப அதத் தமிழ்ல போடுங்க."

தமிழில் தட்டினேன். அச்சுப்பொறி
ஐந்து வெற்றுக் கட்டங்களைத் துப்பியது.
பேனாவால் எழுதினேன்: குருந்தம்.
கீழே, 'தோற்றம்' என்ற வரியில்: செயற்கை.
முத்திரை வைத்தேன்.

குப்பியை மறந்தாளா, விட்டுப்போனாளா,
தாளை மட்டும் மடித்து எடுத்துக்கொண்டு இறங்கினாள்.
பாதிப் படியில் நின்று போனைக் காதில் வைத்தாள்.
"நாந்தான்" என்றது கேட்டது.
பிறகு கீழ்க்கடைப் பாட்டு.